ஒரு சாண் பின்னால்

கல் மேலே போய்ச் சேராமல் எங்கள் ஊரில் நாள் பிறக்காது. சூரியன் வரும், அது பாட்டுக்கு வரும். கோழி கூவும், பிள்ளைகள் பசிக்கு அழும். ஆனால் மேட்டின் உச்சியில் அன்றைய கல்லை வரிசையில் வைத்து, முரசு அடித்து, நாள் வாரியத்தின் எழுத்தர் பேரேட்டில் ஒரு கோடு போடும்வரை ஊருக்கு அது நேற்றுதான். கடை திறக்கக் கூடாது. வழக்கு நடக்காது. வைத்தியசாலைக் கதவில் பூட்டு தொங்கும். சூரியனைப் பற்றி வாரியத்தின் கருத்து, அது வாரியத்தின் ஊழியர் இல்லை என்பதோடு சரி.

வருஷத்துக்கு முந்நூறு கல். மழைக்காலத்தில் சரிவு வழுக்கும் என்பதால் அந்த மாதங்களுக்கு நாட்களே கிடையாது. மழையில் பிறந்தவர்கள், மழையில் செத்தவர்கள் எல்லாரையும் மழை விட்டு முதல் கல் ஏறும்போது மொத்தமாக எழுதிக்கொள்வார்கள். என் அப்பா மழையில்தான் போனார். எழுதும்வரை அவர் செத்ததாகக் கணக்கில்லை என்பதால், கல் கொத்த ஏன் வரவில்லை என்று கேட்டு மேஸ்திரி இரண்டு தடவை வீட்டுக்கு ஆள் அனுப்பினார்.

நான் கயிற்று ஆள். இரண்டு கயிறு, கயிற்றுக்குப் பன்னிரண்டு பேர். வலது கயிற்றின் தலைப்பில் நான். இடது தலைப்பில் கட்டையன். ஆள் குள்ளம், தோள் மட்டும் எருமைத் தோள். எல்லாரும் கல்லுக்கு முதுகைக் காட்டி இழுப்பார்கள். வலது தலைப்புக்காரன் மட்டும் கல்லைப் பார்த்தபடி பின்பக்கமாகவே நடந்து ஏற வேண்டும். சத்தம் கொடுப்பது அவன்தான். சரிவில் அவனுக்கு இரண்டு வார்த்தைதான்: 'இழு', 'நில்'. மூன்றாவதாக ஒரு வார்த்தை உண்டு. 'விடு'. உச்சியில் கல் உட்கார்ந்த பிறகு வாரியத்து அதிகாரி ஒருவர் மட்டுமே அதைச் சொல்லலாம். என் காலத்தில் சரிவில் அந்த வார்த்தை யார் வாயிலும் வந்ததில்லை. வீட்டில்கூட எங்கள் ஆட்கள் பார்த்துத்தான் சொல்வார்கள்.

கல்லுக்கு முன்னால் உருட்டுக்கட்டை போடுபவன் என் மச்சான், அக்காவின் புருஷன். கல்லுக்கு அடியிலிருந்து பின்னால் கழன்று வரும் கட்டையைத் தூக்கிக்கொண்டு ஓடி, முன்னால் குனிந்து போட வேண்டும். கை வேகத்தைவிடக் கால் வேகம் வேண்டும். அவனுக்குக் கால்தான் தொழில்.

முன்பு கல்லுக்குப் பின்னால் இன்னொருவன் இருந்தான். நாங்கள் நிற்கும்போதெல்லாம் கல் கீழே சரியாமல் முட்டுக்கட்டை கொடுப்பான். இரண்டு மாதத்துக்கு முன்னால் வாரியத்திலிருந்து ஒரு சுற்றறிக்கை வந்தது. மேஸ்திரி எங்களை நிற்க வைத்து வாசித்தார்.

"நாள் பின்னோக்கிச் செல்லாது. செல்லாத ஒன்றைத் தடுக்கக் கட்டை வைப்பது, அது செல்லக்கூடும் என்று சந்தேகிப்பதாகும். இத்தகைய சந்தேகத்தை நாள்தோறும் பொதுமக்கள் பார்வையில் நிகழ்த்துவது வாரியத்தின் நோக்கத்துக்கு ஊறு விளைவிக்கும். எனவே முட்டுக்கட்டைகள் கிடங்கில் ஒப்படைக்கப்பட வேண்டும்."

"அப்ப நிக்கும்போது கல்லை எது தாங்கும்?" என்று மச்சான் கேட்டான்.

"நம்பிக்கை," என்றார் மேஸ்திரி. அவர் கிண்டலாகச் சொல்லவில்லை. சுற்றறிக்கையின் கடைசி வரியில் அப்படித்தான் இருந்தது.

முட்டுக்கட்டைக்காரனை உச்சிக்கு மாற்றினார்கள். விருந்தினர்களுக்குக் குடை பிடிக்கிறான் என்று கேள்வி.

அன்றைக்கு வாரியத் தலைவர் பதவியேற்ற நாளின் ஆண்டு நிறைவு. வாரியத்துக்குப் பிடித்த நாள் என்றால் கல் பெரிதாக இருக்கும். இது வழக்கமான கல்லைப்போல ஒன்றரை மடங்கு. முகப்பில் அவர் பெயரை ஆழமாகச் செதுக்கியிருந்தார்கள். "நல்லவேளை, குழி குழியா வெட்டியிருக்காங்க. அந்த அளவுக்காவது பாரம் குறையும்," என்று மச்சான் சொன்னான். எல்லாரும் சிரித்தோம். மேஸ்திரியும் சிரித்துவிட்டு, சிரிக்கக் கூடாது என்றார்.

பாதிச் சரிவைத் தாண்டியிருந்தோம். கீழ்வானம் வெளுத்துக்கொண்டிருந்தது. மச்சான் முன்னால் குனிந்து கட்டையைப் போட்டான். நான் 'நில்' என்றேன். நின்றோம். கல் நிற்கவில்லை. பின்னால் போயிற்று. ஒரு முழம் இருக்கும். கயிறு உள்ளங்கையைத் தீய்த்துக்கொண்டு ஓடியது. ஆட்களின் கால் சறுக்குவது தெரிந்தது. பயத்தில் 'இழு' என்று கத்திவிட்டேன். உயிரைக் கொடுத்து இழுத்தார்கள். கல் துள்ளி, போட்ட கட்டையைத் தாண்டி, மூக்குக் குப்புற இறங்கியது. இறங்கிய இடத்தில் மச்சானின் இடது கால் இருந்தது.

அவன் கத்தவில்லை. யாரோ கூப்பிட்டதுபோலத் திரும்பிப் பார்த்தான். பிறகு மேட்டுப் பக்கம் தலை வைத்து மல்லாந்தான். முழங்காலுக்குக் கீழே கல்தான் இருந்தது.

மேஸ்திரி ஓடிவந்து முதலில் கல்லைத் தடவிப் பார்த்தார். விரிசல் இல்லை. அப்புறம் குனிந்தார்.

"பின்னாடி போச்சா?"

"போச்சு," என்றான் மச்சான்.

"அந்த வார்த்தையைச் சொல்லாத. யாரும் சொல்லாதீங்க."

அந்தக் கல்லை ஒரு சாண் பின்னால் விட்டால் கால் வெளியே வந்துவிடும். எங்கள் இருபத்து நான்கு பேருக்கும் அது தெரியும். கயிறு எங்கள் கையில்தான் இருக்கிறது. மெதுவாகத் தளர்த்தி, மறுபடி பிடித்தால் போதும். மூக்குச் சிந்துகிற நேரம்கூட ஆகாது. முன்னால் இழுத்தால் முழங்கால், இடுப்பு, மார்பு என்று வரிசையாக ஏறும். கடப்பாரை போட்டு நெம்பினாலும் கல் பின்னால்தான் சாயும். அடியில் பாறை, தோண்ட முடியாது.

ஆனால் நாளைப் பின்னால் விடுவது குற்றம். அதற்கு நாள் நீக்கம் என்று பெயர். விட்ட கூட்டத்தில் உள்ள அத்தனை பேருக்கும், அவர்கள் வீட்டில் உள்ள அத்தனை பேருக்கும், ஒரு வருஷத்துக்கு 'இன்று' என்பது கிடையாது. கடைக்காரன் அவர்களுக்கு இன்று விற்க மாட்டான். வைத்தியர் இன்று பார்க்க மாட்டார். பொதுக்கிணற்றில் இன்று இறைக்கக் கூடாது. நாளைக்கு வா என்பார்கள், மரியாதையாகவே சொல்வார்கள். என் அப்பா காலத்தில் ஒரு கூட்டத்துக்கு அப்படி நடந்தது. அவர்கள் இருந்த தெருவில் இப்போது ஆடு மேய்கிறது.

இதில் இன்னொன்றும் இருந்தது. முட்டுக்கட்டை இல்லாததால் கல்லைப் பிடித்து நிறுத்தியிருந்தது எங்கள் கைகள்தான். அதாவது மச்சான் காலைவிட்டுக் கல் போய்விடாமல் இருபத்து நான்கு பேர் பல்லைக் கடித்துப் பிடித்துக்கொண்டிருந்தோம். மற்றவர்களுக்கு அவன் முகம் தெரியாது, முதுகுதான் காட்டினார்கள். நான் பார்த்துக்கொண்டு நின்றேன்.

சூரியன் வந்துவிட்டது. முரசு கேட்கவில்லை. கீழே எங்கள் தெருப் பெண்களுக்கு அதற்கு என்ன அர்த்தம் என்று தெரியும். யார் வீட்டு ஆள் என்பதுதான் தெரியாது. எல்லாரும் சரிவின் அடியில் வந்து நின்றார்கள். மேஸ்திரி ஒருத்தியை மட்டும் கை காட்டி மேலே கூப்பிட்டார். அக்கா சொம்பில் தண்ணீரோடு ஏறிவந்தாள். மச்சானின் தலையைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டாள். தண்ணீர் கொடுத்தாள். கல்லைப் பார்த்தாள்.

"எவ்வளவு பின்னாடி விடணும்?"

"ஒரு சாண்," என்றேன்.

"ஒரு சாண்தானே. விடுங்க."

கட்டையன் தரையைப் பார்த்தான்.

"தம்பி, உன் வாயிலதான இருக்கு. ஒரு வார்த்தைடா. சொல்லு."

வார்த்தை வாயில்தான் இருந்தது. நாக்கு நுனிவரை வந்தது என்று இப்போது சொல்லிக்கொள்கிறேன். உண்மையில் அது தொண்டையைத் தாண்டவே இல்லை.

"அவனைக் கேக்காத," என்றான் மச்சான். "அவன் வீட்டுல ரெண்டு பொண்ணு இருக்கு. மத்தவங்க வீட்டுலயும் இருக்கு."

"நம்ம வீட்டுல இல்லையா?"

"அதுங்களுக்கும் இன்னைக்குன்னு ஒண்ணு வேணும்ல."

அக்கா அவன் நெற்றியைத் துடைத்தாள். துடைத்துக்கொண்டே என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வை இன்னும் முடியவில்லை.

நாள் ஆய்வாளர் வந்து சேர்ந்தபோது வெயில் ஏறியிருந்தது. அளவு நூல், பலகை, பென்சில் எல்லாம் கொண்டுவந்திருந்தார். மச்சானைத் தாண்டிக் கால் வைத்துப் போய்க் கல்லை நான்கு பக்கமும் அளந்தார்.

"கல் பின்னால் போனதா?"

"போச்சுங்க," என்றான் மச்சான்.

"உங்களைக் கேட்கவில்லை. நீங்கள் சம்பந்தப்பட்டவர். உங்கள் கருத்து சார்புடையதாக இருக்கும்." மேஸ்திரியிடம் திரும்பினார். "போனதா?"

"போகலைங்க."

"பிறகு ஏன் அவ்வளவு வேகமாக இழுத்தார்கள்?"

மேஸ்திரி என்னைப் பார்த்தார். நான் ஆய்வாளரைப் பார்த்தேன். அவர் எங்கள் இரண்டு பேரையும் பார்த்துவிட்டு, "ஆர்வம்," என்று எழுதிக்கொண்டார்.

"நாளுக்கு முன்னால் இவருடைய கால் எப்படி வந்தது?"

"கட்டை போடத்தாங்க. அதான் அவன் வேலை."

"ஆக, கல் இருக்க வேண்டிய இடத்தில் இருக்கிறது. கால்தான் இன்றைக்குள் முந்திப் போயிருக்கிறது." அதையும் எழுதினார். எழுதியது அவருக்குப் பிடித்திருந்தது. ஒருமுறை வாசித்துப் பார்த்துக்கொண்டார்.

"ஐயா, வைத்தியரையாவது கூப்பிடுங்க," என்றாள் அக்கா.

"அம்மா, வைத்தியர் நேற்றைய பணியை நேற்று மாலையே முடித்துவிட்டார். இன்றைய பணி, இன்று தொடங்கியதும் தொடங்கும்."

"இன்னைக்கு எப்பங்க தொடங்கும்?"

"கல் ஏறியதும்."

"கல்லு எப்ப ஏறும்?"

"அதைத்தான் நானும் இவர்களிடம் கேட்டுக்கொண்டிருக்கிறேன்," என்றார் வருத்தத்தோடு. "என்னைக் கல் நெஞ்சக்காரன் என்று நினைக்காதீர்கள். எனக்கும் வீட்டில் இன்னும் நேற்றுதான். காலையில் எதுவும் சாப்பிடவில்லை."

பிறகு ஒரு வழி சொன்னார். இழுத்துக்கொண்டு மேலே போகலாம். விதியில் இடம் இருக்கிறது. பாதையில் கிடப்பவர் எழுத்து மூலம் சம்மதித்தால் போதும். சொல்லிவிட்டுப் பலகையை மச்சான் பக்கம் நீட்டினார்.

அக்கா பலகையைத் தட்டிவிட்டாள். ஆய்வாளர் அதை எடுத்துத் தூசி தட்டினார், கோபப்படவில்லை. மச்சானின் உதடு வெளுத்திருந்தது. "கொடுங்க, போட்டுத் தொலைக்கிறேன்," என்றான். "வலி தாங்கல. எப்படியாவது முடியட்டும்."

பென்சிலை வாங்கிக் கையெழுத்துப் போட்டான். ஆய்வாளர் கீழே பார்த்தார். தேதி இல்லை. தேதி போட வேண்டுமே என்றார். இன்றைய தேதி இன்னும் பிறக்கவில்லை. நேற்றைய தேதியைப் போட்டால், விபத்து நடப்பதற்கு முன்பே அவன் சம்மதித்ததாக ஆகும். அது தற்கொலை முயற்சியில் வரும், தனிக் குற்றம். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு மச்சானுடைய நன்மையை உத்தேசித்துத் தாளைக் கிழித்துப் போட்டார். மச்சானை அன்றைக்குச் சாவிலிருந்து காப்பாற்றியது தேதி இல்லாத குறைதான். வேறு யாரும் காப்பாற்றவில்லை.

உச்சி வெயில். தோள் மரத்து, விரல்கள் கயிற்றோடு ஒட்டிப்போயிருந்தன. அப்போது ஒன்று நடந்தது. கயிறு தானாக நழுவியது. ஒரு விரல்கடை. யாரும் விடவில்லை, யாரும் சொல்லவில்லை. உடம்புகள் தாமாகவே தோற்றுக்கொண்டிருந்தன. இன்னொரு விரல்கடை. மச்சான் கண்ணைத் திறந்தான். அக்கா அவன் அக்குளில் இரண்டு கையையும் கொடுத்து இழுக்கத் தயாரானாள். எங்கள் இருபத்து நான்கு பேருக்கும் வாழ்க்கையில் முதல்தடவையாகச் சோர்ந்து விழ வேண்டும் என்று ஆசை வந்தது. சோர்வுக்கு விதியில் தண்டனை கிடையாது.

மேஸ்திரி நல்ல மேஸ்திரி. ஆட்களின் முதுகைப் பார்த்தே எவ்வளவு தாங்குவார்கள் என்று சொல்லிவிடுவார். கீழேயிருந்து இரண்டாம் கூட்டத்தை முன்பே வரச் சொல்லியிருந்தார். சரியான நேரத்துக்கு அவர்கள் ஓடிவந்து கயிற்றைப் பிடித்துக்கொண்டார்கள். புதுக் கைகள். நழுவிய இரண்டு விரல்கடையையும் மேலே இழுத்துச் சரிசெய்தார்கள். அப்போதுதான் மச்சான் கத்தினான்.

"பயப்படாதீங்கடா, உங்களைக் காப்பாத்திட்டேன்," என்று மேஸ்திரி எங்களிடம் சொன்னார். அவர் கண் கலங்கியிருந்தது. நாற்பத்தெட்டு பேர் பிடித்தோம்.

வெயில் சாயத் தொடங்கியபோது தலைவரே இறங்கிவந்தார். பின்னால் விருந்தினர்கள், குடைகள். எங்கள் பழைய முட்டுக்கட்டைக்காரனும் ஒரு குடையைப் பிடித்துக்கொண்டு வந்தான். எங்களைப் பார்க்கவில்லை. தலைவர் சரிவைப் பார்த்தார், கயிற்றைப் பார்த்தார், எங்கள் கைகளைப் பார்த்தார். மச்சானைப் பார்த்ததும் தொப்பியைக் கழற்றினார். பிறகு பேசினார். நன்றாகப் பேசுவார்.

"நண்பர்களே, இருபது வருடமாக நான் உச்சியில் நிற்கிறேன். கல் வரும், வைப்போம். அது தானாக வருகிறது என்று நான் ஒருபோதும் நினைத்ததில்லை. ஆனால் எப்படி வருகிறது என்று விசாரிப்பது அநாகரிகம் என்று கருதினேன். உங்கள் தொழிலில் தலையிடக் கூடாதல்லவா. இன்று, மன்னிக்கவும், நேற்று, முதன்முறையாக இந்தச் சரிவைப் பார்க்கிறேன். அழகாக இருக்கிறது.

"ஆய்வாளர் எல்லாவற்றையும் சொன்னார். கல்லை இழுத்துச் செல்லலாமா என்று கேட்டார். ஒரு மனிதன்மேல் ஒரு நாளை ஏற்றிச் செல்ல நான் சம்மதிக்க மாட்டேன். பின்னால் விடலாமா என்று இந்த அம்மா கேட்பதாகவும் சொன்னார். ஒரு மனிதனுக்காக ஒரு நாளைப் பின்னால் தள்ளவும் சம்மதிக்க மாட்டேன். இரண்டும் வன்முறை. வாரியம் இரண்டுக்கும் நடுவில் நிற்கும். நடுவில் நிற்பது எவ்வளவு சிரமம் என்பது உங்களில் பலருக்குத் தெரியாது."

மச்சான் அவர் செருப்புக்குப் பக்கத்தில் முனகிக்கொண்டிருந்தான். தலைவர் குரலைக் கொஞ்சம் உயர்த்திக்கொண்டார்.

"கல்லை உச்சியில்தான் வைக்க வேண்டும் என்று விதியில் எங்கே இருக்கிறது? எழுத்தர் தேடிப் பார்த்தார். 'உரிய இடத்தில்' என்றுதான் இருக்கிறது. ஒரு நாள் எங்கே நிற்க விரும்புகிறதோ அதுவே அதற்கு உரிய இடம். என் நாள், எளியவனாகிய என் நாள், உச்சியை மறுத்துத் தொழிலாளர்கள் நடுவில் நிற்க விரும்பியிருக்கிறது. இதைவிடப் பெரிய கௌரவம் எனக்கு வேண்டாம்."

விருந்தினர்கள் கை தட்டினார்கள். இரண்டாம் கூட்டத்திலும் சிலர் தட்டப் பார்த்தார்கள். கையில் கயிறு இருந்ததால் முடியவில்லை.

கல்லை அங்கேயே வைத்தார்கள். வைப்பதென்றால் அசையாமல் இறுக்க வேண்டும். வைத்த கல்லுக்கு அண்டை கொடுக்க விதியில் தடை இல்லை. கிடங்கிலிருந்து நான்கு முட்டுக்கட்டைகள் வந்தன. எங்கள் பழையவைதான், ஒன்றில் என் அப்பா சுரண்டிய குறி இருந்தது. கல்லுக்குப் பின்னால் சரியாகக் கொடுத்து அடித்தார்கள். கொத்தனார்கள் சுற்றிலும் சாந்து பூசினார்கள். மச்சானின் தொடையருகே வந்தபோது ஒரு கொத்தனார் கரண்டியை வைத்துக்கொண்டு தயங்கினார். ஆய்வாளர், "இடைவெளி விட்டுப் பூசுங்கள்," என்றார். இடைவெளி விட்டுப் பூசினார்.

முரசைத் தூக்கிவந்து மச்சான் தலைமாட்டில் வைத்தார்கள், வேறு சமதரை இல்லை. அக்கா அவன் காதுகளைப் பொத்திக்கொண்டாள். ஒன்பது அடி. எழுத்தர் கோடு போட்டார். கீழே ஊரில் கடைக் கதவுகள் ஒவ்வொன்றாகத் திறக்கும் சத்தம் மேலே கேட்டது. நிழல்கள் நீண்டு கிழக்கே விழுந்திருந்தன. தலைவர் எங்கள் எல்லாருக்கும் காலை வணக்கம் சொன்னார்.

பிறகு என் அருகில் வந்து நின்று, சபைக்கு நடுவில் முறையாக, "விடு," என்றார்.

நாற்பத்தெட்டு பேரும் விட்டோம். கல் அசையவில்லை.

நாள் பிறந்துவிட்டதால் வைத்தியர் உடனே வந்தார். சின்ன வயசு. ஓடிவந்ததில் மூச்சு வாங்கியது. காலைப் பார்த்ததும், "கல்லைக் கொஞ்சம் பின்னால்," என்று தொடங்கினார்.

"வைத்த கல்," என்றார் ஆய்வாளர்.

வைத்தியர் சாந்தை விரலால் தொட்டுப் பார்த்தார். ஈரமாகத்தான் இருந்தது. பையைத் திறந்தார். வெட்டுவதற்குச் சம்மதம் வேண்டும் என்றார். இந்தத் தடவை தேதி இருந்தது. மச்சான் போட்டான். ஆய்வாளர் எட்டிப் பார்த்து, தேதியில் ஒரு எழுத்து விட்டுப்போனதைச் சுட்டிக்காட்டினார். மச்சான் அதையும் போட்டான்.

நான் தோளைப் பிடித்துக்கொண்டேன். விரல் சரியாக மடங்கவில்லை. காலையிலிருந்து கயிறு பிடித்த கை. "மாப்ள, இப்பவாவது கெட்டியாப் பிடி," என்றான் மச்சான். அதற்குமேல் அன்றைக்கு அவன் பேசியது எதுவும் பேச்சு இல்லை.

அவனைக் கட்டிலில் தூக்கிக் கீழே கொண்டுபோனோம். கால் அங்கேயே இருந்தது. இருக்கிறது. ஒரு வாரத்தில் கல்லின்மேல் ஒரு பலகை வைத்தார்கள்: 'இங்கே நாள் விரும்பி நின்றது.' மச்சான் பிழைத்துவிட்டான். கட்டிலில் உட்கார்ந்தபடி கயிறு திரிக்கிறான். அக்கா என்னிடம் பேசுவதில்லை. என் பெண்களிடம் பேசுகிறாள். போனால் தண்ணீர் வைப்பாள், சொம்பைக் கையில் கொடுக்காமல் தரையில் வைத்துவிட்டு உள்ளே போய்விடுவாள்.

அடுத்த கல் ஏறும்போது ஒரு சிக்கல் வந்தது. முந்தைய நாளுக்குப் பக்கத்தில்தான் அடுத்த நாளை வைக்க வேண்டும். முந்தைய நாள் பாதிச் சரிவில் நின்றது. அதனால் வரிசை இனி பாதிச் சரிவிலிருந்து பக்கவாட்டில் போகும் என்று உத்தரவு வந்தது. எங்களுக்குப் பாதி ஏற்றம் மிச்சம். வெளுக்கும் முன்னால் வேலை முடிந்துவிடுகிறது. வீட்டுக்குப் போய்ப் பிள்ளைகள் எழுந்திருப்பதைப் பார்க்க முடிகிறது. முதல் சில நாள் யாரும் அதைப் பேசவில்லை. அப்புறம் ஒருத்தன் என்னிடம் வந்து, மச்சானைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னான். இன்னொருத்தன் பழம் கொடுத்தனுப்பினான். நன்றி சொல்ல வேறு வழி அவர்களுக்குத் தெரியவில்லை.

முட்டுக்கட்டை திரும்பி வரவில்லை. அந்த நான்கும் கல்லுக்குப் பின்னால் இருக்கின்றன, எடுக்கக் கூடாது.

மச்சானின் இடத்துக்கு யாரும் வரவில்லை. நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். இப்போது உருட்டுக்கட்டை போடுவது நான். வலது தலைப்பில் கட்டையன். சத்தம் கொடுப்பது அவன்.

மழைக்கு முந்தின கடைசிக் கல் அன்றைக்கு. ஏற்றத்தின் நடுவில் மூச்சு வாங்க நின்றோம். கயிற்றில் ஒருத்தன் சொன்னான்:

"இன்னும் ஒரே ஒரு கால் போச்சுன்னா போதும்டா. வரிசை அடிவாரத்துக்கே வந்துடும்."

எல்லாரும் சிரித்தார்கள். நல்ல ஆட்கள்தான், என் பெண்களைத் தூக்கி வளர்த்தவர்கள். நானும் சிரித்தேன். சிரித்து முடித்தபோது நான்தான் கல்லுக்கு முன்னால் குனிந்திருந்தேன் என்பது தெரிந்தது. எல்லாரும் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார்கள். கட்டையன் மட்டும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"டேய்," என்றேன். "எனக்கு அப்படி ஆச்சுன்னா, நீ அந்த வார்த்தையைச் சொல்லுவியா?"

அவன் கயிற்றைக் கையில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டான். அவனுக்குப் பொய் பேச வராது.

"உங்க மச்சானுக்கு நீங்க சொன்னீங்களாண்ணே?"

அவன் அதை மனம் நோகச் சொல்லவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்டான். நான் கட்டையை எடுத்துக் கல்லுக்கு முன்னால் வைத்தேன். கையை முதலில் எடுத்தேன், பிறகு காலை.

"இழு," என்றான் கட்டையன்.